இறந்து 200 ஆண்டுகள் ஆன ஒரு பேரரசியை எப்படி எழுதுவது?

நாவல் எழுதும் நீங்கள் எனக்கு அனுப்பிய கேள்வி இதுதான். உங்கள் கற்பனை உலக நாவல் நடக்கும் காலத்தில் அந்தப் பேரரசி இறந்து 200 ஆண்டுகள் ஆகிவிட்டன. ஆனாலும் கதை முழுக்க அவள் பெயர் அடிபடுகிறது. அதனால் பிறப்பு, கல்யாணம், போர்கள், சட்டங்கள், சாவு என்று 40 பக்கத்துக்குக் குறிப்பு எழுதி வைத்திருக்கிறீர்கள். படித்த நண்பர்களோ, "எல்லாம் இருக்கிறது, அவள்தான் இல்லை" என்கிறார்கள். எங்கே தவறு?

பக்கங்கள் போதவில்லை என்று நினைத்து இன்னும் 40 பக்கம் எழுதிவிடாதீர்கள். அந்தக் குறிப்புகளை எழுதியது யார் என்பது தெரியவில்லை, அங்கேதான் சிக்கல். எல்லாம் தெரிந்த ஒருவர் மேலேயிருந்து பார்த்து எழுதியதுபோல் இருக்கின்றன. உண்மையில் வாழ்ந்த எந்தப் பேரரசியும் நமக்கு அப்படிக் கிடைக்கவில்லை. யாரோ ஒருவர், தனக்கு ஒரு லாபமோ பயமோ இருந்ததால் எழுதிவைத்த வரிகளாகத்தான் கிடைத்திருக்கிறார்கள். அதனால் நான் சொல்லும் வேலைமுறை தலைகீழானது. அவள் விட்டுப்போனதை முதலில் எழுதுங்கள். அதை யார் காப்பாற்றினார்கள், யார் அழித்தார்கள், யாருக்கு அதில் என்ன கிடைத்தது என்று எழுதுங்கள். வாழ்க்கையை அதற்கப்புறம் எழுதலாம்.

கிழக்கு ரோமானியப் பேரரசான பைசாந்தியத்தின் பேரரசி தியோடோராவை எடுத்துக்கொள்ளுங்கள். அவரைப் பற்றி நாம் பேசுவதில் பெரும்பகுதி புரோகோப்பியஸ் என்ற ஒரே ஆளின் எழுத்திலிருந்து வருகிறது. போர்களைப் பற்றி அவர் எழுதிய வரலாற்றில் தியோடோரா துணிச்சல்காரி. 532இல் தலைநகரில் நிக்கா கலவரம் வெடித்தபோது கணவர் ஜஸ்டினியன் தப்பி ஓடலாமா என்று தடுமாறுகிறார். அரச உடையே நல்ல சவத்துணி என்று சொல்லி அவரை நிறுத்துகிறார் இவர். கட்டடங்களைப் பற்றிய நூலில் அவருடைய அழகு சொல்லுக்கு அடங்காதது என்று அதே புரோகோப்பியஸ் புகழ்கிறார். மூன்றாவதாக ஒன்றை ரகசியமாக எழுதி வைத்தார். அதில் கணவனும் மனைவியும் மனித உருவில் வந்த பேய்கள். அந்தக் கைப்பிரதி வத்திக்கான் நூலகத்தில் கிடைத்து 1623இல்தான் அச்சாகியது. ஒரே பேனா, ஒரே பெண், மூன்று உருவங்கள். இதில் எது உண்மை என்று ஒரு வரலாற்றாசிரியர் கேட்கலாம். கதை எழுதுகிறவர் கேட்க வேண்டியது, மூன்றையும் எழுத அந்த மனிதனுக்கு என்ன நேர்ந்தது என்பதை.

உங்கள் உலகத்திலும் ஒரு புரோகோப்பியஸ் வேண்டும். ஒருவர் போதாது, இரண்டு மூன்று பேர் இருந்தால் நல்லது. ஒருவர் அவளிடம் சம்பளம் வாங்கியவர். ஒருவர் அவளால் பதவி இழந்தவர். ஒருவர் வெளிநாட்டுக்காரர், மொழி பாதி புரியாமல் கேட்டதை எழுதியவர். இந்த மூன்றாவது ஆளைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். தெலுங்கு நாட்டை ஆண்ட காகதீய அரசி ருத்ரமாதேவியைப் பற்றி மார்க்கோ போலோவின் பயண நூல் பேசுகிறது. அரசர் இறந்தபின் அவருடைய மனைவி நாட்டை நீதியோடு ஆண்டுவருகிறாள் என்கிறது. ருத்ரமாதேவி அரசர் கணபதிதேவரின் மகள். மனைவி அல்ல. ஒரு பெண் ஆட்சியில் இருந்தால் அவள் விதவையாகத்தான் இருக்க வேண்டும் என்று கேட்டவரோ சொன்னவரோ நினைத்திருக்கலாம். அந்தச் சின்னப் பிழையே எவ்வளவு பேசுகிறது பாருங்கள். இன்னொரு பக்கம், அவருடைய கல்வெட்டுகளிலேயே ருத்ரதேவ மகாராஜா என்று ஆண் பெயர் வருகிறது. உள்ளூர்க் கல்லில் ஓர் ஆண், வெளியூர் ஏட்டில் ஒரு விதவை. நடுவில் எங்கேயோ அந்தப் பெண்.

வெறும் அறிவுரையாகச் சொன்னால் பிடிபடாது. அதனால் நான் ஒரு பேரரசியை இங்கேயே செய்து காட்டுகிறேன். அவளுக்கு வேண்டுமென்றே பெயர் வைக்கவில்லை, காரணம் பின்னால் வரும்.

ஓர் உள்நாட்டு உப்புக்கடல். அதைச் சுற்றித் துறைமுகங்கள், அவற்றை எல்லாம் கட்டி ஆளும் ஒரு பேரரசு. அந்த உலகத்தில் மாயம் ஒன்றே ஒன்றுதான். பேரரசர் இறந்ததும் அவர் பேரில் ஒரு வெண்கல மணி வார்க்கிறார்கள். அவருடைய குரல் அதில் தங்கிவிடுகிறது. ரத்த வாரிசு அதை அடித்தால் முன்னோரின் ஆலோசனை காதில் கேட்கும், மற்றவர்களுக்கு வெறும் மணியோசை. நம் பேரரசி மணி வார்க்கும் கன்னார் வீட்டுப் பெண். பேரரசருக்கு இரண்டாம் மனைவியாக வந்தாள். கணவர் இறந்தபோது மூத்த மனைவியின் மகனுக்கு 6 வயது. அவனுக்காக ஆட்சியைப் பார்த்துக்கொண்டாள். 14 வயதில் அந்தப் பையனும் காய்ச்சலில் போய்விட்டான். மறுநாள் அவள் மணிமண்டபத்துக்குள் தனியாகப் போனாள், பொழுது சாய வெளியே வந்தாள், "எனக்குக் கேட்கிறது" என்றாள். அந்த ஒரு சொல்லை வைத்து 31 ஆண்டுகள் ஆண்டாள்.

கவனியுங்கள், அவளுடைய ஆட்சியின் அடித்தளம் யாராலும் சரிபார்க்க முடியாத ஒன்று. கேட்கிறதா இல்லையா என்று சொல்ல வேறு ரத்த வாரிசு அரண்மனையில் இல்லை. மாயத்தைப் போர்க்களத்தில் கொண்டுபோய் நிறுத்துகிறவர்கள் ஏராளம். நான் எப்போதும் முதலில் அதை வாரிசுரிமையோடு உரசிப் பார்க்கச் சொல்வேன். இறந்தவர்கள் சாட்சி சொல்ல முடிந்த உலகில் சந்தேக மரணம் என்பது எப்படி இருக்கும்? ஒருவர் 400 ஆண்டுகள் வாழ முடிந்தால் பட்டத்து இளவரசன் என்ற சொல்லுக்கு என்ன அர்த்தம்? இந்த மாதிரி ஒரு கேள்விக்குப் பதில் எழுதினாலே பேரரசியின் அரசியல் பாதி கிடைத்துவிடும்.

ஆட்சிக்கு வந்த பெண்களில் பலரும் ஏதோ ஓர் இரவல் அதிகாரத்தில் ஏறி நின்றுதான் தொடங்கினார்கள். எகிப்தின் ஹட்செப்சுட் சிறுவன் மூன்றாம் துட்மோஸுக்காக ஆட்சியைப் பார்த்துக்கொண்டிருந்து, சில ஆண்டுகளில் தானே ஃபாரோவின் முழுப் பட்டங்களையும் எடுத்துக்கொண்டார். சிலைகளில் அரசர்களுக்குரிய பொய்த்தாடியோடு நிற்கிறார். ரஷ்யாவின் இரண்டாம் கேத்தரின் ஜெர்மன் சிற்றரசக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர், 1762இல் கணவரைக் கவிழ்த்து அரியணை ஏறியவர். அரியணைக்கு உரிமை தரும் ரோமானோவ் வம்ச ரத்தம் தன்னிடம் இல்லை என்று அவருக்குத் தெரியும். 1782இல் மகா பீட்டருக்குக் குதிரைமேல் அமர்ந்த வெண்கலச் சிலை எழுப்பினார். அதன் பாறையில் வெட்டிய வாசகம் இவ்வளவுதான்: முதலாம் பீட்டருக்கு இரண்டாம் கேத்தரின். எனக்கு இது மிகவும் பிடித்த கல்வெட்டு. நடுவில் இருந்த ஆட்சியாளர்கள் எல்லோரையும் தாண்டி, ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டே போய்த் தன்னை அந்த மனிதரின் அடுத்த படியாக நிறுத்திவிட்டார்.

நம் மணிக்காரப் பேரரசியும் இதையே செய்கிறாள், ஆனால் சொல்லால் செய்கிறாள். அவளுடைய ஆணை ஒவ்வொன்றும் "மூதாதையர் மொழிந்தபடி" என்று தொடங்குகிறது. பஞ்சத்தில் களஞ்சியத்தைத் திறந்தபோதும், உப்பு வரியைப் பாதியாக்கியபோதும், மைத்துனனை நாடு கடத்தியபோதும் அவள் "நான்" என்று ஒரு வரிகூட எழுதவில்லை. தன் வாயால் ஒன்றும் சொல்லாமல் 31 ஆண்டுகள் பேசிய பெண். இந்த ஒரு பழக்கத்தைக் கண்டுபிடித்ததும்தான் அவள் எனக்குத் தெரிய ஆரம்பித்தாள். குணச்சித்திரம் என்று பக்கம் பக்கமாக எழுதிப் பார்ப்பதைவிட, அவள் ஆணை எப்படித் தொடங்கும் என்று முதல் வரியை எழுதிப் பாருங்கள்.

தமிழில் இதற்கு நல்ல முன்மாதிரி மெய்க்கீர்த்தி. ராஜராஜ சோழன் காலத்திலிருந்து கல்வெட்டுகளின் தலையில் அரசனின் வெற்றிகளைச் சொல்லும் அந்தப் பாட்டு வரிகளை நீங்கள் பார்த்திருப்பீர்கள். "காந்தளூர்ச் சாலை கலமறுத்தருளி" என்று அதில் ஒரு தொடர் வருகிறது. அங்கே கப்பல்களை அழித்தானா, உண்கலத்தைப் பற்றிய ஏற்பாடா, சாலை என்றது படைக்கலப் பள்ளியா என்று அறிஞர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். வெட்டியவனுக்கும் அன்று படித்தவனுக்கும் அது சாதாரணமாகப் புரிந்த வரி. உங்கள் பேரரசிக்கு ஒரு மெய்க்கீர்த்தி எழுதுங்கள், பத்து வரி போதும். அதில் ஒரு வரியாவது 200 ஆண்டுகளுக்குப் பின் யாருக்கும் சரியாகப் புரியாததாக இருக்கட்டும். கதாபாத்திரங்கள் அந்த வரிக்காகச் சண்டை போடட்டும். உலகம் ஆழமானது என்று வாசகர் நம்புவது இந்த மாதிரி இடத்தில்தான். நீங்கள் எல்லாவற்றையும் விளக்கிவிட்டால் அந்த ஆழம் வராது.

சரி, இப்போது அவள் இறந்த மறுநாளுக்கு வருவோம். எனக்கு இந்தப் பகுதியில்தான் அதிக ஆசை.

அடுத்து பட்டத்துக்கு வருகிறவன் நாடு கடத்தப்பட்ட மைத்துனனின் மகன். அவனுக்கு ரத்த உரிமை இருக்கிறது, மணிகள் அவனுக்குக் கேட்கின்றன. முதல் வேலையாக அவளைப் பொய்க்காரி என்று அறிவித்துவிடலாம் என்று நினைக்கிறான். முதிய அமைச்சர்கள் கையைப் பிசைகிறார்கள். அவள் பொய்க்காரி என்றால் "மூதாதையர் மொழிந்தபடி" என்று தொடங்கிய ஆணைகள் எல்லாம் செல்லாது. 31 ஆண்டுகளாக அவள் தந்த நிலக்கொடைகள், தீர்த்துவைத்த வழக்குகள், வடக்கு எல்லையில் செய்துகொண்ட உடன்படிக்கை, அங்கீகரித்த கல்யாணங்கள் எல்லாம் அந்தரத்தில் தொங்கும். அவனை ஆதரித்து ஊருக்குள் அழைத்துவந்த பிரபுக்களில் பாதிப்பேர் அவள் கொடுத்த நிலத்தில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள். ஆகவே அவளை வையவும் முடியாது, வாழ்த்தவும் முடியாது. கடைசியில் ஆணைகளை எல்லாம் தன் பெயரில் திரும்ப எழுதிக்கொள்கிறான். அரண்மனை வரிசைப் பட்டியலில் அந்த 31 ஆண்டுகளுக்கு நேரே "மணி ஓய்ந்த ஆண்டுகள்" என்று மட்டும் எழுத வைக்கிறான்.

இது நானாக இட்டுக்கட்டியது என்றாலும் இந்தச் சங்கடம் வரலாற்றில் இருந்தது. சீனாவில் வூ சேதியன் 690இல் தாங் வம்சத்தை நிறுத்திவிட்டு சௌ என்ற தன் வம்சத்தை அறிவித்தார். சீன வரலாற்றில் பேரரசர் என்ற பட்டத்தைத் தன் பெயரில் ஏற்று ஆண்ட ஒரே பெண் அவர். 705இல் அவரை இறக்கிவிட்டுத் தாங் வம்சத்தைத் திரும்பக் கொண்டுவந்தார்கள். ஆனால் திரும்ப அரியணையில் உட்கார்ந்தவர் அவருடைய சொந்த மகன். அதற்குப் பின் வந்த தாங் பேரரசர்கள் அத்தனை பேரும் அவருடைய வழிவந்தவர்கள். பாட்டியை முழுக்க ஒதுக்கினால் பேரனுக்கு நிற்க இடமில்லை. அதனால் பேரரசர் பட்டத்தை விலக்கி, பேரரசர் காவோசோங்கின் மனைவி என்ற நிலையில், கணவரின் கல்லறையிலேயே அவரை அடக்கம் செய்தார்கள். அந்தக் கல்லறைக்கு முன்னால் நிற்கும் அவருடைய நினைவுக்கல்லில் அப்போது எழுத்து எதுவும் வெட்டப்படவில்லை. காலியாக இருந்த அந்தக் கல்லில் பல நூற்றாண்டுகளுக்குப் பின் வந்தவர்கள் தங்கள் வரிகளைச் செதுக்கிவிட்டுப் போனார்கள்.

அவர் விட்டுப்போன இன்னொரு தடயம் இதைவிட நுட்பமானது. வூ சேதியன் தன் ஆட்சியில் சில புது எழுத்துருக்களைப் புழக்கத்தில் விட்டார். தன் பெயருக்கென்றே ஒன்றை எடுத்துக்கொண்டார், சூரியனும் சந்திரனும் வெளிக்கு மேலே நிற்பதுபோல் அமைந்தது. அவர் இறங்கியதும் அந்த எழுத்துகளும் வழக்கொழிந்தன. இன்று துன்ஹுவாங் குகைகளில் கிடைத்த கைப்பிரதிகளில் அந்த எழுத்துகள் இருந்தால், ஏடு எந்தக் காலத்தது என்று மதிப்பிட ஆய்வாளர்கள் அவற்றைத் துணையாகக் கொள்கிறார்கள். ஒரு ஆட்சியின் எச்சம் எழுத்துக்கூட்டில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. கோட்டை, அரண்மனை, பெரிய சிலை என்று நாம் யோசிக்கும்போது இப்படி ஒன்று தோன்றுவதே இல்லை.

அழிப்பதைப் பற்றியும் சொல்ல வேண்டும். கற்பனைக் கதைகளில் பெயர் அழிக்கப்பட்ட அரசி அடிக்கடி வருகிறாள், எப்போதும் வெறுப்புதான் காரணம். ஹட்செப்சுட்டின் உருவங்களையும் பெயரையும் கோவில் சுவர்களிலிருந்து செதுக்கி எடுத்தபோது அவர் இறந்து ஏறக்குறைய 20 ஆண்டுகள் ஆகியிருந்தன. வெறுப்பு இருந்திருந்தால் துட்மோஸ் அத்தனை காலம் காத்திருப்பானா என்று கேட்டவர்கள், தன் மகனின் பட்டத்துக்கு யாரும் போட்டியாக வராமல் இருக்க, வரிசையை ஆண்களின் வரிசையாக நேர்செய்தான் என்று விளக்குகிறார்கள். எனக்கும் இதுதான் பொருந்துகிறது. எகிப்தின் கர்னாக் கோவிலில் அவர் நிறுத்திய இரண்டு பெரிய கற்கம்பங்களின் கீழ்ப்பகுதியைச் சுற்றிச் சுவர் எழுப்பி மறைத்தார்கள். அந்தச் சுவரே கல்வெட்டைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டது. ஏறக்குறைய 30 மீட்டர் உயரத்தில் ஒன்று இன்றும் நிற்கிறது. மறைக்க வைத்த சுவர் பெட்டகமாகிவிட்டது. இப்படி ஒரு சம்பவத்தை நாமாக எழுதினால் செயற்கை என்பார்கள்.

கேத்தரினுக்கு நடந்தது வேறு விதம். 1796இல் அவர் இறந்ததும் மகன் பால், 34 ஆண்டுகளுக்கு முன் கொல்லப்பட்ட தந்தையின் உடலைத் தோண்டி எடுத்து, தாயின் உடலோடு சேர்த்து அரச மரியாதையுடன் அடக்கம் செய்தார். அடுத்த ஆண்டு வாரிசுச் சட்டம் ஒன்றைக் கொண்டுவந்தார். வம்சத்தில் ஆண் வழி முழுக்க அற்றுப்போனால் ஒழியப் பெண் பட்டத்துக்கு வர முடியாது. 1725 முதல் 1796 வரை 60 ஆண்டுகளுக்கு மேல் பெண்களே ஆண்ட நாடு அது. அதற்கப்புறம் ஒரு பெண்கூட அந்த அரியணையில் உட்காரவில்லை. ஒரு பேரரசி விட்டுப்போனதைத் தேடும்போது அவள் இயற்றிய சட்டங்களை மட்டும் பார்க்கக் கூடாது. அவளுக்குப் பயந்து மற்றவர்கள் இயற்றிய சட்டங்களையும் பார்க்க வேண்டும்.

இப்போது பேரரசி, அரசி என்ற வேறுபாட்டுக்கு வருகிறேன், உங்கள் குறிப்பில் இது விடுபட்டிருப்பது எனக்கு உடனே தெரிந்தது. பேரரசு என்றால் பெரிய அரசு என்று மட்டும் பொருளில்லை. பல மொழி, பல தெய்வம், பல சட்டம் ஒரே குடைக்கீழ் இருப்பது. அங்கே ஆள்கிறவருக்கு ஒரே முகம் இருக்க முடியாது. பாரசீகப் பேரரசர் டேரியஸ் பெஹிஸ்தூன் மலைப்பாறையில் தன் வெற்றியை மூன்று மொழிகளில் வெட்டவைத்தார். கிளியோபாட்ரா நாணயங்களில் கிரேக்க அரசி, தெந்தேராக் கோவில் சுவரில் எகிப்தியத் தெய்வக்கோலம். ஆஸ்திரியாவின் மரியா தெரேசாவை ஹங்கேரியர்கள் 1741இல் முடிசூட்டியபோது, அரசன் என்ற ஆண்பால் பட்டத்தையே கொடுத்தார்கள். உங்கள் பேரரசிக்கு ஒவ்வொரு மாகாணத்திலும் என்ன பட்டம்? எந்த மாகாணம் அவளைப் பேரரசி என்று அழைக்கவே மறுத்து, இன்னாரின் மனைவி என்றே ஏட்டில் எழுதியது?

நான் அவளுக்குப் பெயர் வைக்காத காரணம் இதுதான். அரண்மனை ஏட்டில் அவள் "மணி ஓய்ந்த ஆண்டுகள்". அங்கே ஆளே இல்லை, காலம் மட்டும் இருக்கிறது. துறைமுகத்துப் படகுக்காரர்களுக்கு அவள் "செம்புக்காரி". உப்பு வரியைக் குறைத்தவள் என்பதால் அன்போடு சொல்கிறார்கள், கன்னார் வீட்டுப் பெண் என்பதை மறக்காமலும் சொல்கிறார்கள். வடக்கு எல்லைப் படைவீரர்களின் பாட்டில் அவள் "அம்மா". 31 ஆண்டுகளில் ஒருமுறைகூட அவர்களுடைய சம்பளம் தவறியதில்லை. மூன்று பெயரும் ஒரே ஆள்தான் என்று 200 ஆண்டுகளுக்குப் பின் ஓர் இளம் ஏடெழுதி கண்டுபிடிப்பதிலிருந்து ஒரு நாவலையே தொடங்கலாம்.

இப்படிப் பிரித்து நினைப்பதற்கும் உண்மையில் ஆதாரம் இருக்கிறது. பைசாந்தியத்தில் 797 முதல் 802 வரை தனியாக ஆண்ட ஐரீனைப் பாருங்கள். திருவுருவ வழிபாட்டை 787இல் திரும்பக் கொண்டுவந்தவர் என்பதால் துறவிகள் அவரைக் கொண்டாடினார்கள். தலைநகர மக்களுக்கு வரியை விலக்கியதால் அவர்களுக்கும் நல்லவர். கருவூலத்தைப் பார்த்துக்கொண்டிருந்த நிகேபோரஸுக்கோ அது நாட்டைத் திவாலாக்கும் வேலை. அவரே ஐரீனைக் கவிழ்த்து அரியணை ஏறி, அந்த வரிச்சலுகைகளை ரத்து செய்தார். மேற்கில் இருந்தவர்களுக்கு, ஒரு பெண் இருக்கும் அரியணை காலியான அரியணை. 800இல் போப், பிராங்கு அரசர் சார்லமேனுக்குப் பேரரசர் முடி சூட்டியதற்கு அந்த வாதமும் கைகொடுத்தது. இத்தனைக்கும் நடுவில், தன் ஆட்சிக்காகச் சொந்த மகனின் கண்களைப் பறிக்க வைத்த தாய் அவர். அதுவும் அவனைப் பெற்றெடுத்த அதே அறையில் நடந்தது என்று ஒரு வரலாற்றாசிரியர் எழுதியிருக்கிறார். இவரைப் புனிதையாக எழுதினாலும் ராட்சசியாக எழுதினாலும் பாதி ஆள்தான் கிடைப்பார். நீங்கள் எழுதிய பேரரசி எல்லா இடத்திலும் நியாயமாகவே நடக்கிறாள். அவள் செய்த ஒரு காரியத்தையாவது அவளை நேசிக்கிறவர்கள் பேசத் தயங்க வேண்டும்.

நம் மணிக்காரியிடம் அப்படி ஒன்று இருக்கிறது, 14 வயதில் போன அந்தப் பையன். காய்ச்சல் என்றுதான் ஏடு சொல்கிறது. அன்று இரவு வைத்தியரை அழைக்க ஆள் அனுப்பியது எப்போது என்பதில் இரண்டு ஏடுகள் முரண்படுகின்றன. ஒன்று விளக்கு வைத்த நேரம் என்கிறது, மற்றது விடியற்காலை என்கிறது. அவ்வளவுதான். நான் அதற்கு மேல் எழுதமாட்டேன், எனக்கே முடிவு தெரியாது. வூ சேதியன் தன் கைக்குழந்தையைக் கொன்று பழியை அப்போதைய பேரரசிமேல் போட்டார் என்ற குற்றச்சாட்டும் அவருக்குப் பகையான ஏடுகள் வழியாகத்தான் நமக்கு வருகிறது. இன்றுவரை யாராலும் அதை நிரூபிக்கவோ மறுக்கவோ முடியவில்லை. ஆனாலும் அவரைப் பற்றிப் பேசுகிற எல்லோரும் அந்த இடத்துக்கு வந்து சேர்கிறார்கள்.

மக்கள் நினைவு என்ன செய்யும் என்பதையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். மதுரையில் பேரனுக்காக 1689 முதல் ஆண்ட ராணி மங்கம்மாள் சாலைகள் போட்டார், சத்திரங்கள் கட்டினார். நிர்வாகம் தெரிந்த ஆட்சியாளர் செய்யும் வேலை. ஆனால் ஊரில் வழங்கும் கதை வேறு காரணம் சொல்கிறது. ஒருநாள் நினைவில்லாமல் இடது கையால் வெற்றிலை போட்டுக்கொண்டாராம், அந்தக் குற்றத்துக்குப் பரிகாரமாகத்தான் இத்தனை தர்மமாம். ஓர் ஆண் சாலை போட்டால் நல்ல அரசன் என்று விட்டுவிடுகிற நினைவு, ஒரு பெண் போட்டால் காரணம் தேடுகிறது. உங்கள் பேரரசியின் ஒவ்வொரு நல்ல காரியத்துக்கும் மக்கள் என்ன காரணக்கதை கட்டியிருப்பார்கள் என்று யோசியுங்கள். அந்தக் கதைகளைக் கேட்டால் அவளைவிட அந்த மக்களை நமக்கு நன்றாகத் தெரிந்துவிடும்.

இனி வாழ்க்கைக்குத் திரும்பலாம். எச்சங்களை எழுதி முடித்தபின் பார்த்தால், 40 பக்கத்தில் எது தேவை என்பது தானாகப் பிரிந்து வரும். போர்க் குறிப்புகளை முக்கால்வாசி எடுத்துவிடுங்கள். எந்தப் போரில் எத்தனை பேர் என்பதை யாரும் நினைவில் வைப்பதில்லை. படைக்குச் சம்பளம் எங்கிருந்து வந்தது என்பதை வையுங்கள், அது கதையை நகர்த்தும். காதல் பகுதியைச் சுருக்கலாம். அவளுடைய உடலைப் பற்றி ஒரு விவரம் வேண்டும், ஆனால் அழகைப் பற்றியதாக இருக்கக் கூடாது. என் பேரரசிக்குச் சின்ன வயதில் உருக்கிய உலோகம் தெறித்து இரண்டு கையிலும் தழும்பு. அதனால் எப்போதும் நீளக் கைச்சட்டை. ஓவியர்கள் அவள் கைகளை மடிப்புக்குள் மறைத்தே வரைந்தார்கள். அவள் போனபின் பெரிய வீட்டுப் பெண்கள் எல்லோரும் நீளக் கை வைத்துக்கொண்டார்கள். 200 ஆண்டுகளுக்குப் பின் ஒரு பெண் கையைச் சுருட்டிவிட்டுக்கொண்டு நடந்தால் ஊரில் முறைத்துப் பார்க்கிறார்கள். ஏன் என்று ஒருவருக்கும் தெரியாது.

அப்புறம் அவளுடைய மணி. வழக்கப்படி அவளுக்கும் ஒன்று வார்த்தார்கள், அது யாருக்கும் கேட்கவில்லை. கேட்பதற்கு அவளுடைய ரத்தம் யாரும் இல்லையே. புது அரசன் அதை உருக்கிச் சில்லறை நாணயமாக அடித்துவிட்டான். சின்னத் தொகை, கையிலிருந்து கைக்குப் போகிற காசு. அந்தக் காசைக் கல்லில் போட்டால் மற்ற காசுகளைவிடக் கொஞ்சம் நீளமாக ஒலித்தது. வியாபாரிகள் பேரம் முடிந்ததும் ஒரு காசைத் தரையில் போட்டுச் சத்தம் அடங்கும்வரை காத்திருக்க ஆரம்பித்தார்கள். இப்போது அந்தக் காசுகள் தேய்ந்து காணாமலே போய்விட்டன. ஆனாலும் உப்புக்கடல் துறைமுகங்களில் ஒப்பந்தம் முடிந்தது என்பதற்கு "விழட்டும்" என்றுதான் சொல்கிறார்கள்.

அவள் சாவைப் பற்றி நீங்கள் தனியாகக் கேட்டிருந்தீர்கள், எந்தச் சாவு பொருத்தமாக இருக்கும் என்று. சிரியாவில் இருந்த பால்மைராவின் அரசி செனோபியா 272இல் ரோமானியரிடம் பிடிபட்டார். ரோமுக்குப் போகும் வழியிலேயே இறந்தார் என்கிறது ஓர் ஏடு. பொன் விலங்கோடு ஊர்வலத்தில் நடந்து, பின் ரோமுக்கு அருகே திபூரில் ஒரு பண்ணைவீட்டில் அமைதியாக வாழ்ந்தார் என்கிறது இன்னொன்று. நீங்களும் இரண்டு சாவு எழுதுங்கள். இரண்டும் நம்பும்படி இருக்க வேண்டும், இரண்டையும் சொல்கிறவர்களுக்கு அப்படிச் சொல்ல ஒரு காரணம் இருக்க வேண்டும். எது நடந்தது என்று உங்கள் குறிப்பேட்டில்கூட எழுதி வைக்காதீர்கள். உங்கள் கதாநாயகி எதை நம்புகிறாள் என்பதை மட்டும் எழுதி வைத்துக்கொண்டு, முதல் அத்தியாயத்தை அங்கிருந்து திரும்பத் தொடங்குங்கள்.